மருமகளுக்கு: அம்மா ஏன் யன்னலைச் சாத்துகிறார்

அன்பான மருமகளுக்கு,

செப்டம்பர் தொடக்கத்தில் டொரொண்டோவில் ஒன்ராறியோ ஏரிக்கு மேலே விமான சாகசம் நடக்கும் நாட்களில் உன் அம்மா ஏன் யன்னலெல்லாம் சாத்திவிட்டு உள்ளறையில் இருக்கிறார் என்று கேட்டிருந்தாய். அவரிடம் கேட்டால் "தலையிடி" என்பார். நான் சொல்கிறேன்.

1990 ஜூனில் மீண்டும் போர் மூண்டதும் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் நின்றது. பற்றரிக்குத் தடை. சைக்கிளைக் கவிழ்த்து வைத்து ஒருவர் பெடலைச் சுற்ற, டைனமோவில் ரேடியோச் செய்தி கேட்போம். இருட்டு பழகிவிட்டது, குண்டு போட வரும் அரச விமானங்களின் சத்தம்தான் பழகவில்லை. எழுத்துத் தெரியாத பிள்ளைகூட இது ஹெலி, இது பொம்மர், இது சகடை (குண்டு போடும் சரக்கு விமானம்) என்று காதாலேயே பிரித்துச் சொல்லும். வளவுக்கு வளவு பங்கர், பதுங்குகுழி. ரயில்தான் ஓடவில்லையே, தண்டவாளமும் சிலிப்பர்க் கட்டையும் அதற்குக் கூரையாகிவிட்டன. மாரியில் உள்ளே தண்ணீர் நிற்கும், பாம்பும் வரும். உன் அம்மம்மா பாம்புக்குப் பயந்து வாசலிலேயே நின்று எல்லோரிடமும் ஏச்சு வாங்குவார். கோயிலுக்குள் இருந்தால் தப்பலாம் என்றொரு நம்பிக்கை இருந்தது. 1995 ஜூலை 9 நவாலித் தேவாலயத்தில் குண்டு விழுந்ததோடு அதுவும் போயிற்று.

இதெல்லாம் ஊரே சேர்ந்து பயந்த பயம். வேலிச் சண்டையில் வருடக்கணக்காகப் பேசாதவர்களும் பங்கருக்குள் தோள் உரசிக் குந்தியிருப்பார்கள். ஆளாளுக்குத் தனியாகப் பயந்த பயம் ஒன்றும் இருந்தது. என் கணக்கில் அதுதான் பெரியது.

1990 ஒக்டோபர் 30. யாழ்ப்பாண முஸ்லிம்கள் இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேற வேண்டும் என்று புலிகள் உத்தரவிட்டார்கள். சோனகதெருவில் தலைமுறைகளாக வாழ்ந்த சனம். அன்று பின்னேரம் எங்கள் ஒழுங்கையில் மரக்கறி விலையைப் பற்றித்தான் கதைத்தார்கள். வாய் திறந்தால் என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். அம்மாவின் வகுப்பில் ஓர் இடம் காலியானது. அந்தப் பிள்ளையின் பெயரை ரீச்சர்கூடச் சொல்லவில்லை.

ஐந்து வருடம் கழித்து, அதே ஒக்டோபர் 30ஆம் திகதி, இராணுவம் நெருங்கிவர, புலிகள் வெளியேறச் சொல்ல, நாங்கள் மூட்டை முடிச்சுகளோடு நாவற்குழிப் பாலம் தாண்டித் தென்மராட்சிக்கு நடந்தோம். திகதி ஒன்றாக இருந்ததைப் பற்றியும் யாரும் கதைக்கவில்லை.

விமானத்தைப் பற்றிக் கேட்டால் அம்மா என்றாவது சொல்லிவிடுவார். அந்தத் தோழியைப் பற்றிக் கேட்பதென்றால் வீட்டில் விருந்தாளிகள் இல்லாத நேரமாகப் பார். அம்மா தமிழ்க் கடையில் அரசியல் பேச்சு வந்தால் குரலைத் தாழ்த்துவதை நீயே பார்த்திருப்பாய்.

அன்புடன்,
மாமா