மதுவிடுதியில் குதிரை எங்கிருந்து வந்தது?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஒலியின் வேகத்தை முதன்முதலில் விஞ்சிப் பறந்த அமெரிக்க விமானி சக் யேகரைப் பற்றிச் சென்ற இதழில் வெளியான கட்டுரையை இரண்டு முறை படித்தேன். முப்பத்தோரு ஆண்டுகள் மேல்நிலை வகுப்புகளுக்கு இயற்பியல் நடத்தியவள் என்ற முறையில், ஒலியின் வேகத்தைப் போல் எத்தனை மடங்கு என்று சொல்லும் மாக் எண்ணை அத்தனை எளிமையாக விளக்கியதற்கு என் பாராட்டுகளை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அதே கட்டுரையில், 1947 அக்டோபர் 14 அன்று சாதனை முடித்து இறங்கிய யேகருக்குப் பாலைவனத்து மதுவிடுதிக்காரப் பெண்மணி ஒருவர் இலவச விருந்து கொடுத்தார் என்று போகிற போக்கில் ஒரு வரி வருகிறது. அதற்கு நாலு வரி மேலே, இரண்டு நாள் முன்பு அந்தப் பெண்மணியின் இடத்தில் யேகர் இரவில் குதிரைச் சவாரி போய், விழுந்து, விலா எலும்பை முறித்துக்கொண்டார் என்றும், கை நீட்டி விமானக் கதவைப் பூட்ட முடியாமல் துடைப்பக் கட்டையின் துண்டு ஒன்றை உள்ளே கொண்டுபோனார் என்றும் எழுதியிருக்கிறீர்கள். மதுவிடுதியில் குதிரை எங்கிருந்து வந்தது என்று அச்சுக்குப் போகும்முன் ஒருவருக்குமா தோன்றவில்லை?

அது பண்ணை, ஐயா. பண்ணையின் ஒரு மூலையில்தான் மதுவும் ஊற்றப்பட்டது. பெயரைக்கூட முழுதாகப் போட மனம் வராத அந்தப் பெண்மணிதான் பாஞ்சோ பார்ன்ஸ் என்பது தாங்கள் அறியாததல்ல. அமெரிக்க உள்நாட்டுப் போரில் வடக்குப் படைக்குப் பலூன் பிரிவை நடத்திய தாடியஸ் லோவின் பேத்தி. பாதிரியார் ஒருவருக்கு மணமுடித்துக் கொடுக்கப்பட்டு, 1928இல் விமானம் ஓட்டக் கற்றுக்கொண்டு, ஞாயிற்றுக்கிழமை வழிபாட்டு நேரத்தில் கணவரின் தேவாலயத்துக்கு மேலேயே தாழப் பறந்தவர். 1929இல் சாண்டா மோனிகாவிலிருந்து கிளீவ்லாந்து வரை பெண்களுக்கென்று நடந்த முதல் நெடுந்தூர விமானப் பந்தயத்தில் புறப்பட்ட இருபது பேரில் ஒருவர். டெக்சாஸில் பீகோஸ் என்ற ஊரில் இறங்கும்போது ஓடுபாதையில் குறுக்கே வந்த கார் மீது மோதி விமானம் உடைந்தது. மறு ஆண்டே மணிக்கு 196.19 மைல், அதாவது ஏறத்தாழ 316 கிலோமீட்டர் வேகத்தில் பறந்து, பெண்களுக்கான வேகச் சாதனையை அமீலியா இயர்ஹார்ட்டிடமிருந்து பறித்தார்.

அமீலியா என்றதும் இன்னொன்று நினைவுக்கு வருகிறது. எனக்கு நினைவு தெரிந்து மூன்று மகளிர் தினச் சிறப்பிதழ்களில் தாங்கள் அமீலியாவைப் பற்றி எழுதிவிட்டீர்கள். ஒரு முறை படம்கூட மாறவில்லை. அவரைக் குறைத்துச் சொல்வதாக எண்ண வேண்டாம். கடலில் காணாமல் போன பெண்ணுக்குக் கிடைக்கும் பக்கம், தரையிறங்கிப் பன்றி வளர்த்த பெண்ணுக்குக் கிடைப்பதில்லை என்பதைத்தான் பணிவுடன் தெரிவித்துக்கொள்கிறேன்.

அந்தப் பன்றி வளர்ப்பைச் சற்று விரித்துச் சொல்ல அனுமதிக்க வேண்டும். ஹாலிவுட்டில் சாகச விமானியாகப் பறந்து, சக விமானிகளுக்குக் கூலி நிர்ணயிக்கச் சங்கம் அமைக்கவும் பாடுபட்ட பாஞ்சோ, பரம்பரைச் சொத்தெல்லாம் கரைந்தபின் 1930களின் நடுவில் கலிபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில் முராக் என்ற இடத்தில் நிலம் வாங்கிக் குடியேறினார். அங்கே பயிரிட்டது அல்பால்பா, நம் குதிரைமசால்தான். விதைத்து எழுபத்தைந்து நாளில் முதல் அறுப்பு, பிறகு மாதத்துக்கு ஓர் அறுப்பு என்று எங்கள் தோட்டத்திலேயே அரை ஏக்கரில் போட்டுப் பார்த்தவள் நான். தண்ணீர் ஒரு முறை தவறினால் அது எப்படி முகம் சுருங்கும் என்று எனக்குத் தெரியும். பாலைவனத்தில் அதை வளர்த்து மாடு கட்டி, பக்கத்து விமானதளத்துக்குப் பால் விற்றார். தளத்துச் சமையற்கூடங்களின் எச்சில் உணவை வாங்கி வந்து பன்றிகளுக்குப் போட்டு, அந்தப் பன்றி இறைச்சியைத் தளத்துக்கே திருப்பி விற்றார். கழனித்தண்ணீர் வாங்கி மாடு வளர்க்கும் எங்கள் ஊர்ப் பெண்களுக்கு இந்தக் கணக்கு ஒரு நொடியில் புரியும். குதிரைகளும் உணவகமும் சொந்த ஓடுபாதையும் வந்தது இதற்கெல்லாம் பிறகு.

அவரை உத்தமி என்று நிறுவ வரவில்லை. நான்கு முறை மணம் செய்தவர், சுருட்டுப் பிடித்தவர், வாயைத் திறந்தால் கெட்ட வார்த்தை. ஆனாலும், விமானப்படை அவருடைய நிலத்தைக் கேட்டபோது, பண்ணையில் ஒழுக்கக்கேடான தொழில் நடப்பதாகப் பேச்சு கிளம்பியதும், அவர் நீதிமன்றம் போனதும், 1953 நவம்பரில் பண்ணை எரிந்ததும், கடைசியில் அரசு முதலில் மதிப்பிட்டதைவிடக் கூடுதலான இழப்பீட்டை அவர் வாதாடிப் பெற்றதும் வெறும் மதுவிடுதிக்காரியின் கதையா? தங்கள் கட்டுரையில் இவ்வளவும் "பின்னர் விடுதி தீக்கிரையானது" என்ற மூன்று சொற்களில் முடிந்துவிட்டது.

இது எனக்கு ஏன் இத்தனை உறுத்துகிறது என்று கேட்பீர்கள். ஓய்வு பெற்றபின் நான்கு மாடுகள் வைத்திருக்கிறேன். விடியற்காலை நான்கரை மணிக்குக் கறந்து, பதினோரு ஆண்டுகள் பால் சங்கம் ஒன்றுக்கு நானே கொண்டுபோய் ஊற்றியிருக்கிறேன். பாஸ் புத்தகத்தில் பெயர் என் கணவருடையது. அவர் மாட்டின் காம்பைத் தொட்டவர் அல்லர். அதை அவரே ஒப்புக்கொள்வார். ஒரு நாள், பாலின் அடர்த்தியை அளந்து பார்த்துவிட்டு, "டிகிரி குறைவாக இருக்கிறதம்மா, வீட்டுக்காரரை வரச் சொல்லுங்கள்" என்றார்கள். அடர்த்தி என்றால் என்னவென்று இந்த வட்டாரத்தில் பாதிப் பேருக்குப் பாடம் நடத்தியவளிடம்! பெயரை மாற்றித் தரும்படி மூன்று முறை எழுதிக் கொடுத்தேன். பிறகு பால் ஊற்றுவதையே நிறுத்திவிட்டு, இப்போது வீடுகளுக்குக் கொடுக்கிறேன்.

1975இல் பாஞ்சோ மறைந்தபோது, அவருடைய சாம்பலை மகன் விமானத்தில் கொண்டுபோய் அந்தப் பழைய பண்ணை நிலத்தின் மேல் தூவினார். இதையும் தாங்கள் அறிந்தே இருப்பீர்கள், இடமின்மையால் விடுபட்டிருக்கும்.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த இதழில் ஒரு மூலையில் இரண்டு வரித் திருத்தம்: பெயர் பாஞ்சோ பார்ன்ஸ், தொழில் விமானி, பண்ணையாளர். தங்கள் மின்பதிப்பில் "விமானிகளுடன் விடுதிப் பெண்" என்று இருக்கும் படக்குறிப்பையும் மாற்றிவிட்டால் நன்று. இந்தக் கடிதத்தை வெளியிடுவதானால் இன்னொரு வேண்டுகோள். ஈராண்டுகளுக்கு முன் மாட்டுத் தீவன விலை பற்றி நான் எழுதியதை என் பெயருக்கு முன் "திரு" சேர்த்து வெளியிட்டீர்கள். இம்முறை அது வேண்டாம்.

தங்கள் நெடுநாள் வாசகி,
ஓய்வுபெற்ற இயற்பியல் ஆசிரியை,
தாராபுரம் வட்டம்.