வார்சாவில் இருக்கும் மகனுக்கு

கண்ணா,

நம் ஜார்ஜிய நடிகர் லெவான் அபாஷித்ஸேவின் படத்தைப் போன வாரம் டிவியில் மறுபடியும் போட்டார்கள். 'இளம் இசையமைப்பாளரின் பயணம்'. சின்ன வயதில் எங்களோடு உட்கார்ந்து பாதியில் தூங்கிப்போவாயே, அதுதான். அப்பா வழக்கம்போல எனக்கு எல்லாமே மனப்பாடம் என்று சொல்லிவிட்டு, கடைசி வரை நாற்காலியை விட்டு எழவில்லை. நானும்தான். நீ போனை எடுத்திருந்தால் இதையெல்லாம் போனிலேயே சொல்லியிருப்பேன். எடுக்கவில்லை, அதனால் எழுதுகிறேன்.

நடிப்புப் படித்தவன் நீ, அந்தப் படத்தை ஒரு தடவையாவது முழுதாகப் பார். கதை 1907-இல் நடக்கிறது. 1905 புரட்சியை ஜார் அரசு நசுக்கிவிட்டு, ஊர் ஊராகப் படை அனுப்பித் தண்டித்துக்கொண்டிருந்த காலம். நிகுஷா என்கிற பையன் நாட்டுப்பாடல்களைக் கேட்டு எழுதிக்கொள்ள கிராமங்களுக்குக் கிளம்புகிறான். வழி தெரிய அவனிடம் ஒரு வரைபடம் இருக்கிறது. லெகோ என்று ஒருவன் வந்து ஒட்டிக்கொள்கிறான். இவன் பாட்டுத் தேடி வந்தவன் இல்லை, கலகத்துக்கு ஆள் திரட்ட ரகசியமாக வந்தவன் என்று லெகோ அவனாகவே முடிவு கட்டிவிடுகிறான். வரைபடமும் அவன் கண்ணுக்குக் கலகத் திட்டமாகத் தெரிகிறது. போகிற வீட்டிலெல்லாம் அதே பேச்சு. நிகுஷாவின் கால் பட்ட வீடுகளுக்கெல்லாம் ஆபத்து வருகிறது.

நிகுஷாவாக வந்தது லெவான். வாய் ஓயாமல் பேசுகிற வேஷம் லெகோவாக நடித்த கியா பெராத்ஸேவுக்கு. லெவானுக்குக் கேட்டுக்கொண்டிருப்பதுதான் வேலை. ஒவ்வொரு வீட்டுப் பெரியவரும் பேசப் பேச அந்த முகம் மாறிக்கொண்டே வரும். கேட்பது போல நடிப்பதுதான் ரொம்பக் கஷ்டம் என்று முதல் வருஷப் படிப்பில் வந்து எனக்குச் சொன்னவன் நீ. அன்றைக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது தெரியுமா? இப்போது எதையும் சொல்வதில்லை.

1986-இல் பெர்லின் விழாவில் அந்தப் படத்துக்காக கியோர்கி ஷெங்கெலாயாவுக்குச் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி கொடுத்தார்கள். லெவான் 1963-இல் பிறந்தவர். அந்த வயதில் அப்படி ஒரு படம். இந்த மனிதர் இன்னும் நாற்பது வருஷம் நடிப்பார், நாம் கிழவிகளாகி உட்கார்ந்து பார்ப்போம் என்றுதான் நானும் என் தோழிகளும் பேசிக்கொண்டோம். நாங்கள் கிழவிகளாகிவிட்டோம்.

அவர் 1992-இல், நம் நாட்டிலிருந்து பிரியப் பார்த்த அப்காசியாவில் சண்டையில் செத்துப்போனார். முப்பது கூட ஆகவில்லை. படத்தில் துப்பாக்கிக்கும் தனக்கும் சம்பந்தமே இல்லாத பிள்ளையாக வந்தவர். எனக்கு அது ஆறவே இல்லை, இத்தனை வருஷம் கழித்தும். நவம்பரில் உனக்கும் இருபத்தெட்டு.

அந்தக் காலத்தை நீ பார்க்கவில்லை, கேட்டிருக்கிறாய். 1991 டிசம்பர் 22-இல் திபிலிசியின் ருஸ்தவேலி சாலையில் அதிபரைக் கவிழ்க்கச் சண்டை ஆரம்பித்தது. ஜனவரி 6-இல் அதிபர் கம்சாகூர்தியா ஊரை விட்டுப் போகும் வரை அந்தத் தெருவில் பீரங்கிச் சத்தம். நாங்கள் படம் பார்க்கப் போன தெரு அது. ஜாபா இயோசெலியானி நாடகம் எழுதியவர், நாடகக் கல்லூரிப் பேராசிரியர். ம்கெத்ரியோனி என்று தனி ஆயுதப் படை வைத்திருந்தவரும் அவர்தான். மேடைக்கும் போருக்கும் நடுவில் கதவே இல்லாமல் போயிருந்தது. 1992 ஆகஸ்ட் 14-இல் நம் படைகள் அப்காசியத் தலைநகர் சுகுமிக்குள் போயின. ரயில் பாதையைக் காக்க, பிணையாகப் பிடித்து வைத்தவர்களை மீட்க என்று சொன்னார்கள். சின்ன விஷயம், சீக்கிரம் முடிந்துவிடும் என்று எல்லோரும் நம்பினோம். செப்டம்பர் 3-இல் மாஸ்கோவில் போர்நிறுத்தக் கையெழுத்துக்கூட ஆனது. அது நிற்கவில்லை. ஒரு வருஷத்துக்கு மேல் இழுத்து, 1993 செப்டம்பர் 27-இல் சுகுமி விழுந்தது. இரண்டு லட்சத்துக்கும் மேல் நம் ஆட்கள் வீடு வாசல் இழந்தார்கள். அந்தப் பக்கமும் தாய்மார்கள் பிள்ளைகளைப் புதைத்தார்கள். அதை இங்கே யாரும் சத்தமாகச் சொல்வதில்லை, நான் உன்னிடம் சொல்கிறேன்.

அத்தை அங்கிருந்து தப்பி மலைப்பாதையில் நடந்து வந்த கதை உனக்கு நன்றாகத் தெரியும். அகதிகளைத் தங்க வைத்த இவேரியா ஓட்டலின் அந்த அறையையும் பால்கனியை அட்டை வைத்து அடைத்திருந்ததையும் பற்றி எத்தனை தடவை கேட்டிருப்பாய். நீலப் பெட்டியை அவள் ஏன் இன்றுவரை திறக்க விடுவதில்லை என்பதும் உனக்குத் தெரியும். அதனால் போர் என்றால் என்னவென்று தெரியாத பிள்ளை நீ என்று நான் நினைக்கவில்லை.

அதற்கப்புறம் இங்கே யார் படம் எடுத்தார்கள்? கரண்ட் இல்லை, கேஸ் இல்லை, மண்ணெண்ணெய் அடுப்பில்தான் எல்லாம். ஸ்டுடியோ இருந்தது, வேலை இல்லை. லெவான் உயிரோடு இருந்திருந்தாலும் சில வருஷம் வேஷம் கிடைத்திருக்காது, வேறு வேலைதான் பார்த்திருப்பார் என்கிறார் அப்பா. பார்த்திருக்கட்டுமே! கடையில் நின்றிருக்கட்டும், லாரி ஓட்டியிருக்கட்டும். அப்புறம் ஒருநாள் யாராவது கூப்பிட்டிருப்பார்கள். மெராப் நினித்ஸேவைப் பார். லெவானைவிட இரண்டு வயது இளையவர். இயக்குநர் அபுலாத்ஸேவின் 'மனந்திரும்புதல்' படத்தில் பேரனாக வந்தாரே, அவர். தொண்ணூறுகளில் வியன்னாவுக்குப் போனார். வேறு மொழியில் முதலிலிருந்து ஆரம்பித்தார். 2003-இல் ஆஸ்கர் வாங்கிய ஜெர்மன் படத்தில் அவர் இருக்கிறார். ஆங்கில நடிகர் கம்பர்பாட்ச்சோடு சோவியத் உளவாளி பென்கோவ்ஸ்கியாக நடித்ததை நீயே எனக்கு லேப்டாப்பில் போட்டுக் காட்டினாய். ஊரை விட்டுப் போனவன் என்று அவரை யாராவது குறை சொன்னார்களா? திபிலிசியில் அவர் பெயரைப் பெருமையாகத்தான் சொல்கிறோம்.

கிடங்கில் பெட்டி தூக்குவது உனக்கு அவமானமாக இருக்கிறது. நீ சொல்லாவிட்டாலும் குரலில் தெரிகிறது. எனக்கு அதில் ஒரு அவமானமும் இல்லை. பட்டமளிப்பு நாடகத்தில் அந்தக் கிழவர் வேஷத்தில் நீ வந்தபோது பக்கத்தில் இருந்த அம்மாள், இது யார் வீட்டுப் பிள்ளை என்று கேட்டாள். நான் பதில் சொல்லவில்லை, அழுதுவிடுவேன் என்று பயம். அந்தப் பிள்ளைதான் போன மாதம் போனில், இந்தக் காலத்தில் நடிப்பெல்லாம் எதற்கம்மா என்கிறான். அந்த ஒரு வார்த்தை என்னைத் தூங்க விடவில்லை.

பொட்டலம் வியாழக்கிழமை மினிபஸ்ஸில் வருகிறது. சுர்ச்கேலா, அத்தை போட்ட த்கெமாலி, கம்பளி சாக்ஸ். காகேத்தியில் இந்த வருஷம் திராட்சை நன்றாக இருந்தது. அறுவடைக்குப் போன அப்பாவின் முழங்கால்தான் நன்றாக இல்லை. நேரத்துக்குச் சாப்பிடு. போனை எடு. டிரைவர் கூப்பிட்டதும் நீயே நேரில் போய் வாங்கிக்கொள், கூட இருக்கும் பையன்களை அனுப்பாதே. நீயே போ. போனை எடு.

உன்னோடு படித்தவன் இப்போது கீவில் இருக்கிறானாம். அவன் அம்மா மருந்துக் கடையில் என்னைப் பார்த்ததும் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. அவன் சீருடையில் போட்டிருந்த படத்துக்கு நீ இதயம் போட்டிருக்கிறாய். நான் பார்க்க மாட்டேன் என்று நினைத்திருப்பாய்.

உன் ரத்தம் எந்தப் பிரிவு என்று கேட்டு எழுதியிருந்தாயே. பி பாசிட்டிவ். உன் தடுப்பூசி அட்டையில் இருக்கிறது. கிடங்கு வேலைக்கு இது எதற்கு என்று அப்பா கேட்டார். ஆஸ்பத்திரியில் பதிவு செய்யக் கேட்பார்கள் என்று நான்தான் சொல்லிச் சமாளித்தேன். அவர் நம்பவில்லை.

உக்ரைனியர்கள் யாருக்காக நிற்கிறார்கள் என்று எனக்குத் தெரியும் மகனே. 2008-இல் கோரியில் ரஷ்யக் குண்டு விழுந்தபோது நீ என் மடியில் முகம் புதைத்துக்கொண்டு கேட்ட கேள்விகளை நான் மறக்கவில்லை. அங்கே போய்ச் செத்த நம் ஊர்ப் பிள்ளைகளுக்காக மெழுகுவர்த்தி ஏற்றாத ஞாயிறு இல்லை. அவர்கள் வீரர்கள். அவர்கள் அம்மாக்களின் கண்ணைப் பார்த்து நான் வேறு எப்படிச் சொல்ல முடியும்? ஆனால் லெவானையும் இங்கே எல்லோரும் வீரன் என்றுதான் சொல்கிறார்கள். டிவியில் படம் முடிந்ததும் அதையே சொன்னார்கள். எனக்கு வேண்டியது அவருடைய நாற்பது வயது முகம், ஐம்பது வயது முகம். அந்தப் படங்களை யாரும் எடுக்கவில்லை, இனி எடுக்கவும் முடியாது. உன்னுடைய கிழவர் வேஷத்தை நீ நிஜமாகவே கிழவனான பிறகு பார்க்க வேண்டும் என்று எனக்கு ஆசை. அதுவரை நான் இருக்க மாட்டேன். யாராவது பார்க்கட்டும்.

அப்பாவுக்கு இதெல்லாம் எழுதியது தெரியாது. அவரிடம் தனியாகப் பேசு, உன் குரல் கேட்டு ரொம்ப நாளாயிற்று என்று அவர் சொல்ல மாட்டார்.

உன்னைத் தடுக்க என்னால் முடியாது, நீ குழந்தை இல்லை. ஒன்றே ஒன்று கேட்கிறேன், அதற்கு மட்டும் உண்மையான பதில் எழுது. நீ இப்போது வார்சாவில்தான் இருக்கிறாயா?

அம்மா