அந்தத் தெரு கும்பகோணத்தில் இல்லை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழின் சினிமா விமர்சனத்தில், "கும்பகோணம் பக்கம் இப்படியொரு பழைய தெருவைத் தேடிப் பிடித்த இயக்குநருக்கு சபாஷ்" என்று எழுதியிருந்தீர்கள். அந்தத் தெரு கும்பகோணத்தில் இல்லை. பூந்தமல்லி தாண்டி ஒரு காலி மைதானத்தில், ரீப்பர் கட்டையும் பிளைவுட்டும் அடித்து, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் பூசி நாங்கள் எழுப்பிய சினிமா செட் அது. 40 பேர், 24 நாள் வேலை.

திண்ணைச் சுவரில் தாத்தா சாய்ந்து சாய்ந்து எண்ணெய்க் கறை ஏறியிருக்குமே, அதை உங்கள் விமர்சகர் தனியாகப் பாராட்டியிருக்கிறார். அது என் கைவேலை. நடிக்க வந்த பெரியவரை உட்காரச் சொல்லி, தலை படும் இடத்தைப் பென்சிலால் குறித்துக்கொண்டேன். டீ டிகாஷனைத் துணியில் நனைத்து ஒற்றி, காய்ந்ததும் விளக்கெண்ணெயைக் கட்டைவிரலால் தேய்த்தேன். குழாயடிப் பாசி, மரத்தூளில் பச்சைச் சாயம் கலந்து ஒட்டியது.

'நாயகன்' படத்துக்காகத் தாராவியைச் சென்னையிலேயே செட் போட்ட ஆர்ட் டைரக்டர் தோட்டா தரணிக்குத் தேசிய விருது கிடைத்தது உங்களுக்குத் தெரியாததல்ல. அதைப் பார்த்த பிரமிப்பில்தான் 1988-ல் நான் இந்த வேலைக்கு வந்தேன். 35 வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. செட் என்று தெரிந்துவிட்டால் 'செயற்கை' என்று எழுதுகிறீர்கள். தெரியாவிட்டால் லொகேஷன் என்று எழுதுகிறீர்கள். அப்புறம் நாங்கள் எங்கேதான் நிற்பது?

சீரியல் பக்கம் போனால் இன்னும் மோசம். ஒரே பங்களா, காலையில் மாமியார் வீடு, மதியம் போலீஸ் அதிகாரி வீடு. இடையில் சாப்பாட்டு நேரத்தில் சுவரை மாற்றுகிறவன் பெயர் எந்த டைட்டிலிலும் வராது. ஒரு கம்பெனி கடைசி வாரப் பேட்டாவைத் தராமலே ஆபீஸைக் காலி செய்தது. ஒருமுறை சாரம் சரிந்து என்னோடு வேலை பார்த்த கார்பென்டருக்கு இடுப்பெலும்பு உடைந்தது. மறுநாள் ஒரு பத்திரிகையில் வந்த செய்தி: 'கதாநாயகனுக்குக் காயமில்லை'. அந்தத் துண்டை இன்னும் வைத்திருக்கிறேன்.

விமர்சனத்தின் மேலே கட்டம் கட்டி நடிப்பு, இசை, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு என்று போடுகிறீர்கள். அதில் 'கலை' என்று ஒரு வரி சேருங்கள். என் பெயர் வேண்டாம், ஆர்ட் டைரக்டர் பெயர் போதும். அந்தத் தெரு செட்தான் என்பதையும் அடுத்த இதழில் தெரிவித்துவிடுங்கள்.

– ஓய்வுபெற்ற செட் பெயின்டர்,
சாலிகிராமம், சென்னை.