வௌவாலுக்கு வால் வேண்டும்: ஒரு நன்கொடை வேண்டுகோள்

அன்புள்ள நண்பர்களுக்கு வணக்கம்.

கிளாஸ்கோவில் ஒரு வாடகைக் கொட்டகையில் சனிக்கிழமைதோறும் கூடி, 1895-ஆம் ஆண்டின் மரக் கிளைடர் (எஞ்சின் இல்லாமல் காற்றில் மிதக்கும் விமானம்) ஒன்றை முழு அளவில் மறுபடி கட்டிக்கொண்டிருக்கிறோம். குழுவில் பதினொரு பேர். அதில் தச்சு வேலை தெரிந்தவர்கள் இரண்டே பேர். தமிழ் தெரிந்தவன் நான் ஒருவன்தான் என்பதால் இந்தக் கடிதம் என் தலையில் விழுந்தது.

பெர்சி பில்ச்சர் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் கப்பல் கட்டுமானம் சொல்லிக்கொடுக்கும் உதவி விரிவுரையாளராக இருந்தவர். சகோதரியின் துணையோடு அவர் கட்டிய முதல் கிளைடருக்கு ‘வௌவால்’ என்று பெயர் வைத்தார். பைன் மரச் சட்டம், அதன்மேல் துணி, விறைப்பாக இழுத்துக் கட்டிய கம்பிகள். எடை சுமார் 20 கிலோ, இறக்கைப் பரப்பு சுமார் 14 சதுர மீட்டர். ஓட்டுபவர் நடுவில் முழங்கைகளை ஊன்றித் தொங்க வேண்டும். கால்களை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வீசி உடல் எடையை நகர்த்துவதுதான் ஸ்டியரிங், பிரேக் எல்லாம்.

தமிழில் வௌவாலுக்குள்ளேயே ஒரு வால் இருக்கிறது. பில்ச்சரின் வௌவாலில்தான் அது இல்லை. பின்னால் நின்றவாக்கில் ஒரு துடுப்பு மட்டும் உண்டு, படுக்கைவாக்கில் எதுவும் கிடையாது. அதைப் பறக்கவிட்டுப் பார்க்கும் முன் பெர்லினுக்குப் போய், கிளைடரில் பறந்து பெயர் பெற்றிருந்த ஜெர்மானியர் ஓட்டோ லிலியந்தாலைச் சந்தித்தார். கிடையான வால் இல்லாமல் முடியாது என்று லிலியந்தால் சொல்லியும் இவர் கேட்கவில்லை. ஊர் திரும்பி, கிளைட் ஆற்றங்கரையில் உள்ள கார்ட்ராஸில் முயன்றார். மூக்கு மேலே போகிறதா, கீழே குத்துகிறதா என்பது அவர் கையில் இல்லை. இன்னொரு கோளாறு இறக்கையில். நுனிகளை நன்றாக மேலே தூக்கி, ஆழமான வி போல வைத்திருந்தார். பக்கக் காற்று அடித்தால் அந்தப் பக்க இறக்கை எழும்பி ஆளையே கவிழ்க்கப் பார்த்தது. அப்புறம்தான் நுனிகளைத் தாழ்த்தி வாலையும் பூட்டினார். பறந்தது.

எங்கள் குழுவில் இதற்கே மூன்று வாரம் சண்டை. பறக்காத முதல் வடிவத்தைக் கட்டுவதா, திருத்திய வடிவத்தையா? பறக்காததைக் காட்டத்தான் வேண்டும் என்பது என் கட்சி. கடைசியில், கழற்றி மாட்டும் வாலும், ஏற்றி இறக்கும் இறக்கைகளும் என்று சமாதானம் ஆனது. பள்ளிப் பிள்ளைகள் தங்கள் கையாலேயே வாலைப் பூட்டிப் பார்க்கலாம். எங்களுடையது பறக்காது, பறக்கவிடவும் மாட்டோம்.

இடது இறக்கை முடிந்துவிட்டது. வலது இறக்கைக்கு வளைத்த முதல் வரிச்சு என் கையிலேயே ‘டப்’பென்று முறிந்தது. பலகைக்குள் நகக்கண் அளவு ஒரு கணு இருந்ததை நான் பார்க்கவில்லை. இப்போது ஒவ்வொரு பலகையையும் ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, வரி நேராக ஓடுகிறதா என்று பார்த்த பிறகே இழைப்புளியை எடுக்கிறோம். அப்படிப்பட்ட பலகை இங்கே மலிவு இல்லை.

மொத்தச் செலவு 2,400 பவுண்ட். 1,650 கையில் சேர்ந்திருக்கிறது. மீதி 750-தான் வாலுக்கும், துணிக்கும், கம்பிக்கும், இரண்டு மாத வாடகைக்கும். யாருக்கும் கூலி இல்லை. ஐந்து பவுண்ட் என்றாலும் ரசீது உண்டு. பணம் வேண்டாம், துணி தைத்துத் தருகிறேன் என்றால் இன்னும் நல்லது. எங்களில் யாருக்கும் நேர்த்தியான தையல் வரவில்லை.

‘தோற்ற ஆளுக்கு எதற்கு இவ்வளவு?’ என்று ஒரு நண்பர் கேட்டார். 1899 செப்டம்பர் 30 அன்று இங்கிலாந்தின் ஸ்டான்ஃபோர்ட் ஹால் மாளிகைத் திடலில், மழையில் நனைந்திருந்த ‘பருந்து’ என்ற கிளைடரில் பறந்தபோது, வாலில் ஒரு கழி முறிந்து விழுந்தார் பில்ச்சர். இரண்டு நாளில் இறந்துவிட்டார். அப்போது அவர் எஞ்சின் வைத்த, மூன்றடுக்கு இறக்கை கொண்ட விமானம் ஒன்றைக் கட்டி வைத்திருந்தார். அந்த வடிவத்தை ஒட்டி 2003-ல் ஒன்றைக் கட்டியவர்கள் அதை ஒரு நிமிடம் 26 விநாடி பறக்கவிட்டார்கள். பருந்து இன்றும் ஸ்காட்லாந்து அருங்காட்சியகத்தில் இருக்கிறது. வௌவால்தான் மிஞ்சவில்லை.

ஜூன் கடைசிக்குள் பணம் சேர்ந்தால் பள்ளி திறக்கும்போது வால் தயார். வால் இல்லாத கோலத்தில் பார்க்க ஆசைப்படுபவர்கள் அதற்கு முன்பே வந்துவிடுங்கள். சனிக்கிழமை காலை பத்து மணிக்கு மேல் கொட்டகை திறந்திருக்கும். டீ உண்டு, ஹீட்டர் கிடையாது.

அன்புடன்,
குழுவின் சார்பில்