கதவு மட்டும் வந்தது

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த வெள்ளக் கட்டுரையைப் படித்தேன். தென்னாப்பிரிக்காவின் டர்பன் தமிழர்கள் விழுந்த இடத்திலேயே எழுந்தார்கள் என்று முடித்திருந்தீர்கள். படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் விழுந்த இடத்திலேயே எழுந்தவர்கள் என்ன ஆனார்கள்?

உம்கேனி ஆற்றோரம் ஸ்ப்ரிங்ஃபீல்டில், கரும்புத் தோட்ட ஒப்பந்தம் முடிந்த நம்மவர்கள் காய்கறி போட்டுப் பிழைத்தார்கள். மேட்டு நிலம் அவர்களுக்கு யார் கொடுத்தார்கள்? தகரக் குடிசைகள் நெருக்கியடித்து நின்றதால் அந்த இடத்துக்கு டின்டவுன் என்றே பெயர். 1917 அக்டோபரில் ஆறு புரண்டு வந்தபோது மாரிமுத்து படவாட்டனும் இன்னும் ஐந்து மீனவர்களும் படகில் போய் 176 பேரைக் கரை சேர்த்ததை அழகாக எழுதியிருந்தீர்கள். அதே பள்ளத்தில் திரும்பவும் குடிசைகள் எழுந்ததையும், 1976இல் அவையும் மூழ்கியதையும் விட்டுவிட்டீர்கள். அந்த முறை குடும்பங்களை, நிறவெறி அரசு இந்தியர்களுக்கென்று ஒதுக்கிய ஃபீனிக்ஸ் குடியிருப்பில் கொண்டுபோய்க் குடிவைத்தார்கள். எங்கே போக விருப்பம் என்று கேட்கிற காலமா அது!

கோயிலின் கதை வேறு. டர்பனிலேயே உம்பிலோ ஆற்றங்கரையில் 1875இல் கட்டிய கோயிலை 1905 வெள்ளம் கொண்டுபோயிற்று. கேட்டோ மேனரில் இன்று நாம் கும்பிடும் அம்பலவாணர் ஆலயம் 1947இல் எழுந்தது. பழைய கரைக்கு யாரும் திரும்பவில்லை. பழைய கோயிலின் கதவுகள் மட்டும் கூட வந்தன. என் அம்மா உள்ளே போகுமுன் அந்தக் கதவைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். "தண்ணி குடிச்ச கதவுடா" என்பார்.

2022 ஏப்ரல் வெள்ளத்தில் எங்கள் ஊரான டொங்காட்டின் குடிநீர்ச் சுத்திகரிப்பு நிலையம் பாழானது. குழாயில் மாதக்கணக்கில் தண்ணீர் இல்லை. எங்கள் வீட்டில் மூன்று டிரம்: ஒன்று குடிக்க, ஒன்று பாத்திரத்துக்கு, அரிசி களைந்த தண்ணீர் முதல் துணி அலசிய தண்ணீர் வரை ஊற்றிவைக்கும் மூன்றாவது கழிவறைக்கு. நடுராத்திரியில் லாரி சத்தம் கேட்டால் தெருவே வாளியோடு ஓடும். எதிர்வீட்டுப் பாட்டியால் ஓட முடியாது. அவர் வாளியை யார் முதலில் எடுப்பது என்பதில் பையன்களுக்குள் போட்டி. படகு ஓட்டியது ஒரு நாள் வீரம். வாளி தூக்கியது எத்தனை மாதம்! அதைப் பற்றி உங்கள் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லை.

ஃபீனிக்ஸில் முதலில் குடியேறியவர்களில் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அடுத்த கட்டுரைக்கு முன் உங்கள் நிருபரை அவர்களிடம் அனுப்புங்கள். வருகிறவர் டொங்காட் வழியாக வந்தால் காப்பி கொடுக்கிறோம்; தண்ணீர் இருக்கிறது.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
டொங்காட், தென்னாப்பிரிக்கா