பேரனோட சேலைத்துண்டு

ஆசிரியருக்கு வணக்கம்.

போன ஞாயித்துக்கிழமை இணைப்புல உளப்பகுப்பாய்வு, அதாவது மனசுக்குள்ள ஒளிஞ்சு கெடக்குறத பேசவெச்சு கண்டுபிடிக்குற வைத்தியம், அத பத்தி வந்த கட்டுரைய படிச்சேன். அத ஆரம்பிச்ச ஃபிராய்டு, கட்டில்ல படுத்துகிட்டு கனவ சொல்றது, அதோட கடைய மூடிட்டீங்க. 1939ல அவர் செத்ததோட அந்த துறையும் செத்துப்போன மாதிரி எழுதிட்டு, கீழ பெட்டிச் செய்தில, புள்ளைங்க அழுக்குத்துணிய கட்டிகிட்டு தூங்குனா உடனே புடுங்கிடுங்கன்னு அட்வைஸ் வேற. அந்த ஒரு வரிக்காகத்தான் இத எழுதுறேன்.

என் மக புள்ளைக்கு மூணு வயசு. மகளோட பழைய சேலையிலதான் தூளி கட்டி ஆட்டுனோம், அது கிழிஞ்சு ஒரு முழம் துண்டா மிஞ்சுச்சு, அத மோந்துகிட்டேதான் தூங்குவான். நாத்தம் தாங்கலன்னு நான் ஒருநாள் ஊறப்போட்டு தொவச்சுட்டேன். அன்னைக்கு ராத்திரி "இது இல்ல, இது இல்ல"ன்னு தூக்கி எறிஞ்சுட்டு விடிய விடிய அழுகை, அதே துணிதாண்டா ராசான்னு ஆயா நான் சொன்னா எடுபடுமா.

அப்புறம்தான் என் மருமகன் வின்னிகாட்னு ஒரு லண்டன் குழந்தை டாக்டரோட புஸ்தகத்த குடுத்து, சில பக்கங்கள தமிழ்ல சொன்னார். மனுஷன் ஒரே ஆஸ்பத்திரில 40 வருஷம் புள்ளைங்கள பாத்தவர், உளப்பகுப்பாய்வாளரும்தான். 1951ல வாசிச்ச ஒரு கட்டுரை, 1971ல வந்த அந்த புஸ்தகத்துல முதல் அத்தியாயமா இருக்கு, அதுல என் தப்பு அப்படியே இருக்குங்க! துணி நாறுனாலும் அம்மாக்காரி விட்டு வெப்பா, தொவச்சா புள்ளையோட அனுபவம் நடுவுல அறுந்துபோகும்னு அவளுக்கு தெரியும்ங்குறார். அது அம்மாவும் இல்ல, வெறும் துணியும் இல்ல, ரெண்டுக்கும் நடுவுல ஒன்னு. நாளாவட்டத்துல புள்ளையே அத விட்டுடுமாம், போச்சேன்னு அழக்கூட அழாதாம்.

திருட்ட பத்தியும் 1956ல எழுதியிருக்கார். திருடுற புள்ள அந்த பொருள தேடல, தனக்குன்னு இருந்து பறிபோனத தேடுது, அது இன்னும் நம்பிக்கைய விடலன்னு அர்த்தம். உலகப்போர் சமயத்துல வீட்ட விட்டு அனுப்புன புள்ளைங்களோட இருந்து பாத்தவர். சுனாமிக்கு அப்புறம் இங்க கடலூர்ல பால்வாடில வேலை செஞ்சப்ப, சாக்பீஸ் எடுத்து மடியில ஒளிச்ச ஒரு பையன நான் அடிச்சிருக்கேன், இத கேட்டப்ப அவன் மூஞ்சிதான் வந்துச்சு.

எல்லாத்தையும் ஒத்துக்கல. அவருக்கு எப்பவும் அம்மாவும் புள்ளையும்தான், நம்ம வீட்டுல ஆயா, அத்தை, சித்தின்னு நாலு இடுப்பு மாறுது. அதுக்கு 1978லயே சுதீர் கக்கர்ங்குற இந்திய உளப்பகுப்பாய்வாளர் நம்ம நாட்டு வளர்ப்ப வெச்சு எழுதியிருக்கார்னு மருமகன் சொல்றார், அதுவும் உங்க கட்டுரைல இல்ல.

வின்னிகாட் பிபிசி ரேடியோல தாய்மாருங்ககிட்ட சாதாரண பேச்சுல பேசுனவர், தமிழ்ல போட ஒன்னும் கஷ்டம் இருக்காது. தொடரா போட முடியலன்னா பரவால்ல, வர்ற ஞாயிறு அதே பெட்டில துணிய புடுங்க வேணாம்னு ரெண்டு வரியாவது போடுங்க. என் சம்பந்தியம்மா அந்த பக்கத்த வெட்டி பிரிட்ஜ்ல ஒட்டி வெச்சிருக்காங்க.

ஒரு வாசகி,
கடலூர் முதுநகர்