நாளைய மீன் அறுவை வகுப்பு: படித்துவிட்டு வாருங்கள்

நால்வருக்கு ஒரு ரோகு கெண்டை, சுமார் 400 கிராம். "வயிறு கீற வேண்டாம்" என்று கடையில் சொல்லி முழுசாக வாங்குங்கள். ஐஸில் வைத்தால் போதும். ஃப்ரீசரில் உறைந்து இளகினால் ஈரலும் குடலும் குழைந்துவிடும்.

மலத்துவாரத்தில் கத்தரிக்கோலின் மழுங்கிய முனையை நுழைத்து, செவுளுக்கு அடிவரை வெட்டுங்கள். முனை வயிற்றுச் சுவரை ஒட்டியே போகட்டும். உள்ளே இறங்கினால் பித்தப்பை கிழிந்து, பச்சை நீர் பரவி, எந்த உறுப்பும் சரியாகத் தெரியாது. பெரும்பாலும் கெடுவது இங்கேதான்.

கெண்டைக்கு இரைப்பை கிடையாது, தேடாதீர்கள். சுருண்ட குடலை மெதுவாகப் பிரித்து, ஸ்கேலில் அளந்து, உடல் நீளத்தோடு ஒப்பிடுங்கள். அத்தனை நீளம் ஏன் என்பதுதான் நாளைய முதல் கேள்வி. முதுகெலும்பின் கீழே வெள்ளையாகப் பளபளப்பது காற்றுப்பை, இரண்டு அறைகள். இதயம் செவுளுக்குப் பின்னால், தொண்டையடியில். கையுறை கட்டாயம்.